புகைக்கோழி

அத்தியாயம் 7

கமிஷனர் தோர்வார்ட் அடுப்படி வாசற்படியில் உட்கார்ந்து பூட்ஸைக் கழற்ற ஆரம்பித்தபோது, மனிதருக்கு மூளை கலங்கிவிட்டது என்றே கான்ஸ்டபிள் ஹென்னிங் நினைத்தான்.

"ஐயா, குளியல் தொட்டி பின்கட்டுல இருக்கு."

"தெரியும்ப்பா. இதைப் பிடி."

ஹென்னிங் பூட்ஸை வாங்கிக்கொண்டான். "உங்களை அனுப்பின ஃபிராங்க்ஃபர்ட் சபையில காலுறை துவைக்கக் கூடாதுன்னு தீர்மானம் ஏதும் போட்டிருக்காங்களா?"

கமிஷனர் காலுறையையும் உருவினார். பயம் வந்தால் ஹென்னிங்குக்கு வாய் நீண்டுவிடும் என்பது அவருக்கு இந்த ஒரு வாரத்தில் பழகிவிட்டது. இன்று காலையிலிருந்து அந்த வாய் ஓயவே இல்லை. மாலை மணி அடித்ததும் அவனுடைய அக்காவைச் சுடப் போகிறார்கள். கல்லறைத் தோட்டத்துச் சுவருக்குப் பின்னால் சிப்பாய்கள் குழி வெட்டும் சத்தம் அடுப்படி வரைக்கும் கேட்டது.

முந்தின நாள் சாயங்காலம் இதே அடுப்படியில்தான் ரோடென் படையின் கேப்டன் டெஸ்ஸன் மண்டை உடைந்து செத்துக் கிடந்தார். பக்கத்தில் நெருப்புக் கிளறும் இரும்புக் கோலோடு நின்றவள் ஒட்டீலியா. இந்தக் கிடா விடுதியின் சமையல்காரி, ஹென்னிங்கின் கூடப் பிறந்தவள். நான் உள்ளே வரும்போதே அவர் அப்படித்தான் கிடந்தார், கோல் காலில் இடறியது, குனிந்து எடுத்தேன் என்றாள். விடுதிக்காரர் யோப்ஸ்ட் தெருவே திரளும்படி கத்திவிட்டார். ஊரில் இருப்பது ஒரே ஒரு போலீஸ்காரன். அவனே போய், அவனுக்குச் சின்ன வயதில் சோறு ஊட்டியவளைக் கூட்டிக்கொண்டு வந்து ஊர்ச் சிறையில் பூட்ட வேண்டியதாயிற்று. வெளியில் விட்டிருந்தால் கேப்டனின் ஆட்கள் அன்றைக்கே அவளை மரத்தில் தொங்கவிட்டிருப்பார்கள். செய்தது சரிதான் என்று ஹென்னிங்குக்குத் தெரியும். தெரிந்தும் மனசு ஆறவில்லை.

சிறையில் இருப்பவளை இன்றைக்கே சுடலாமா கூடாதா என்பது இப்போது ஒரு அடுப்பைப் பொறுத்திருந்தது.

ஸ்வீசல் என்ற அந்த ஊருக்கு இரண்டு ராஜாக்கள். தெற்கே ரோடென் கோமகன், வடக்கே பிர்க் இளவரசர். என்றைக்கோ இரண்டு அண்ணன் தம்பிகள் சொத்தைப் பிரித்தபோது விட்டுக்கொடுக்க மனசில்லாமல் ஊரின் நடுவில் கோட்டைக் கிழித்துவிட்டார்கள். அந்தக் கோடு தெருவோடு ஒழுங்காகப் போகாமல் வீடுகளுக்கு அடியில் நுழைந்து நுழைந்து போகிறது. ஒரு வீட்டில் கட்டில் ஒரு நாட்டிலும் கட்டில்காரனின் செருப்பு இன்னொரு நாட்டிலும் கிடக்கும். ஆகவே வழக்கம் ஒன்று வந்தது. சமைக்கிற அடுப்பு எந்த மண்ணில் நிற்கிறதோ, வீடும் வீட்டு ஆட்களும் அந்த மண்ணுக்குச் சொந்தம். ரோடெனுக்குச் சிவப்பு, பிர்க்குக்குப் பச்சை. சிவப்பு அடுப்பு, பச்சை அடுப்பு என்றுதான் ஊரில் பேச்சு. பெண் கேட்க வந்தால்கூட அடுப்பு என்ன நிறம் என்றுதான் முதல் கேள்வி. ஹென்னிங் இருவருக்கும் பொதுவான போலீஸ்காரன் என்பதால் அவன் தொப்பியில் இடது காதுக்கு மேல் சிவப்புக் குஞ்சம், வலது காதுக்கு மேல் பச்சைக் குஞ்சம். ஒரு காதில் வாங்கிய உத்தரவை மறு காதில் விடுவதற்கு வசதி என்பான்.

இவ்வளவு நாளும் சிரிப்புக்கு இடமாக இருந்த ஏற்பாடு இந்த ஜூன் மாதத்தில் விஷமாகிவிட்டது. ஐம்பது வருஷமாக ஃபிராங்க்ஃபர்ட்டில் உட்கார்ந்து முறைத்துக்கொண்டே ஒன்றாக இருந்த ஜெர்மன் நாடுகளின் கூட்டமைப்பு போன வாரம் இரண்டாகப் பிளந்தது. பிரஷ்யா ஒரு பக்கம், ஆஸ்திரியா எதிர்ப் பக்கம். சின்ன ராஜாக்களெல்லாம் எந்தப் பந்தியில் இடம் பிடிப்பது என்று அலைந்தார்கள். ரோடென் பிரஷ்யாவின் பந்தியில் உட்கார்ந்து, தன் மண் முழுக்க ராணுவச் சட்டம் என்று பறையடித்துச் சொல்லிவிட்டது. பிர்க் ஆஸ்திரியாவோடு போனது. இதற்கு முந்தின வாரம் பிர்க் பிரஷ்யாவோடு இருந்தது. அதற்கு முந்தின வாரம் யாரோடும் இல்லை என்று சொல்லிக்கொண்டிருந்தது.

கிடா விடுதியின் அடுப்பு பச்சையாக இருந்தால், பிர்க் நீதிபதி சாவகாசமாக வந்து மாதக்கணக்கில் விசாரிப்பார். சிவப்பு என்றால் ராணுவ நீதிமன்றம். அன்றைக்கே தீர்ப்பு, அன்றைக்கே குண்டு. ஊரெல்லாம் அதைப் பச்சை என்றுதான் நினைத்திருந்தது. ஆனால் இன்று காலை ரோடென் படையின் லெப்டினன்ட் விங்க்லர் முற்றத்து எல்லைக்கல்லிலிருந்து சந்தில் நிற்கும் கல்லுக்கு ஜன்னல் வழியாக நூல் பிடித்துப் பார்த்தார். அடுப்பு பளிச்சென்று சிவப்பு மண்ணில் நின்றது.

ஹென்னிங் நம்பவில்லை. அந்த அடுப்படியில் அவன் சாப்பிடாத நாள் இல்லை. அந்த இரும்படுப்பு கிணற்று ஜன்னல் பக்கம் நிற்கும், பச்சை மண்ணில். இப்போது அது எதிர்ச் சுவரை ஒட்டி நின்றது, பழைய புகைக்குழாயோடு ஒரு புதுத் துண்டுக் குழாய் சேர்த்து. அவன் அதைச் சொன்னபோது லெப்டினன்ட் மரியாதையாகக் கேட்டுக்கொண்டு, கொலைகாரியின் தம்பி சொல்லும் சாட்சி செல்லாது என்றார். விடுதி வேலையாட்கள் இருவரும் யோப்ஸ்டின் சொந்தக்காரர்கள். அடுப்பை நகர்த்தி வெகுநாளாயிற்று என்று இருவரும் ஒரே மாதிரி தலையாட்டினார்கள். தெருவில் திரண்டவர்கள் யாரும் அடுப்படிக்குள் வந்து பார்க்கவில்லை.

ஆகவேதான் கமிஷனரின் வெறுங்கால்.

இரண்டு ராஜாக்களுக்கும் பொதுவான ஆள் என்று ஃபிராங்க்ஃபர்ட் சபை பாலச் சுங்கத் தகராறைத் தீர்க்க அனுப்பி வைத்த மனிதர் அவர். தொந்தி உண்டு, கோபம் கிடையாது. வெறுங்காலோடு அடுப்படித் தரையில் மெல்ல நடந்தார். கிணற்று ஜன்னல் பக்கம் வந்ததும் நின்று, பாதத்தை முன்னும் பின்னும் தேய்த்தார்.

"ஹென்னிங், உங்க அக்கா குள்ளமா?"

"என் தோள் உயரம். வாய் மட்டும் கோபுர உயரம்."

"அவளுக்கு முன்னால இங்க சமைச்சவ?"

"எங்க அம்மா. அதுக்கு முன்னால யோப்ஸ்டோட பாட்டி."

"மூணு பேரும் இங்கதான் நின்னிருக்காங்க. கல்லுல ரெண்டு குழி இருக்கு, குள்ளமானவங்க பாதம் வச்ச மாதிரி கிட்டக் கிட்ட. கண்ணுக்குத் தெரியாது, காலுக்குத் தெரியும்." அவர் திரும்பி, இப்போது அடுப்பு நிற்கும் இடத்துக்கு நடந்தார். "இங்க தரை மொழுமொழுன்னு இருக்கு. போய் லெப்டினன்டையும் யோப்ஸ்டையும் கூட்டிட்டு வா."

ஹென்னிங் பூட்ஸைக் கையில் வைத்துக்கொண்டே ஓடினான்.

லெப்டினன்ட் விங்க்லர் இளைஞர். மீசை இன்னும் முழுசாக முளைக்கவில்லை, ஆனால் சட்டைப் பித்தான்கள் எல்லாம் கண்ணைப் பறித்தன. பச்சை மண்ணில் ஒரு சிவப்புச் சிப்பாய் துப்பாக்கியோடு கால் வைத்தால் அது போர்; அந்தப் போரைத் தான் ஆரம்பித்ததாக இருக்கக் கூடாது என்பதில் அவர் கண்ணும் கருத்துமாக இருந்தார். அதனால்தான் நூல் பிடித்துப் பார்த்தார், அதனால்தான் கமிஷனர் கூப்பிட்டதும் வந்தார். யோப்ஸ்ட் அவருக்குப் பின்னால் கையைத் துடைத்துக்கொண்டே வந்தார். பெரிய உடம்பு, சின்னக் கண். ஊரில் யார் வீட்டுத் துக்கத்துக்கும் முதல் ஆளாக வந்து கடைசி ஆளாகப் போகிற மனிதர்.

குழிகளைக் காட்டியதும் யோப்ஸ்ட் கொஞ்சமும் அசரவில்லை. ஆமாம், முன்பு அங்கேதான் இருந்தது, நான் இல்லை என்று சொல்லவே இல்லையே என்றார். ஜன்னல் காற்றில் புகை உள்ளே அடித்தது, ஈஸ்டர் சமயத்தில் நகர்த்தினேன், ராஜாங்கத்துக்குச் சொல்ல மறந்துபோனது என் தப்புதான் என்று லெப்டினன்டைப் பார்த்துத் தலை குனிந்தார்.

லெப்டினன்ட் கையுறையை மாட்ட ஆரம்பித்தார். இவ்வளவுதானா என்று ஹென்னிங் கமிஷனரைப் பார்த்தான். அவர் பூட்ஸுக்குக் கை நீட்டினார்.

"ஈஸ்டர்லயா?" என்றார், ஒரு காலை உள்ளே நுழைத்தபடி. "நல்லா யோசிச்சுச் சொல்லுங்க."

"ஈஸ்டர் முடிஞ்ச திங்கக்கிழமைங்க. நிச்சயமா."

"அப்ப பெந்தெகொஸ்தே வந்தப்ப இது சிவப்பு அடுப்பு."

"ஆமாங்க."

"அப்ப கோழியைக் காட்டுங்க."

கமிஷனருக்கு உள்ளூர் வழக்கம் தெரிந்திருக்கும் என்று யோப்ஸ்ட் எதிர்பார்க்கவில்லை போலிருந்தது. பிறகு அவர் முகம் மலர்ந்தது. அதுதான் ஹென்னிங்கைப் பயமுறுத்தியது.

ஸ்வீசலில் புகை வருகிற ஒவ்வொரு அடுப்புக்கும் வருஷத்துக்கு ஒரு கோழி ராஜாவுக்குப் போக வேண்டும். புகைக்கோழி என்று பெயர். மற்ற ஊர்களில் இதெல்லாம் ஒழிந்து வெகுகாலம் ஆகிவிட்டது. இங்கே இரண்டு ராஜாக்களில் எவரும் தன் கோழியை முதலில் விட்டுக்கொடுக்கத் தயாராக இல்லை. ஈஸ்டருக்கு ஏழு வாரம் கழித்து வரும் பெந்தெகொஸ்தே ஞாயிறன்று கோழியைப் பொறுக்கி, காலில் அந்தந்த ராஜாவின் நிறத்தில் நூல் கட்டிவிடுவார்கள். அறுப்பு முடிந்ததும் ஆள் வந்து பிடித்துக்கொண்டு போவான்.

யோப்ஸ்ட் கூட்டுக்குப் போய்க் கோழியோடு திரும்பினார். "இதோ பாருங்க. யோப்ஸ்ட் ராஜாவை ஏமாத்தறவன் இல்ல."

காலில் சிவப்பு நூல் இருந்தது. கோழி கொழுகொழுவென்று, இரண்டு கையாலும் தாங்கிப் பிடிக்கிற கனத்தில் இருந்தது. மார்பு பிதுங்கி, இறகு மின்னி, கண்ணை மூடிமூடித் திறந்தது.

கமிஷனர் கோழியைப் பார்த்தார். பிறகு ஹென்னிங்கைப் பார்த்தார். "உங்க வீட்டுல புகைக்கோழியை எப்படிப்பா பொறுக்குவீங்க?"

ஹென்னிங்குக்கு அப்போதுதான் உறைத்தது. காலையிலிருந்து அவன் அடித்த பகடி எல்லாம் பல்லைக் கடித்துக்கொண்டு அடித்தது. இப்போது வந்த சிரிப்பு வயிற்றிலிருந்து வந்தது.

"ஒண்ணுக்கும் உதவாததா பார்ப்போம் ஐயா. முட்டையை நிறுத்தினது, எலும்பும் தோலுமானது, ஒத்தைக் கண்ணு. போன வருஷம் நான் குடுத்த கோழியை ராஜா வீட்டு ஆள் தூக்கிப் பாத்துட்டு, இது கோழியா, கோழியோட ஞாபகமான்னு கேட்டான். இந்த ஊர் உண்டான நாள்லேர்ந்து ராஜாவுக்குக் கொழுத்த கோழி குடுத்தவன் ஒருத்தன் கிடையாது."

"எங்க வீட்டிலயும் அப்படித்தான்," என்றார் லெப்டினன்ட் தன்னை அறியாமல். சொன்ன பிறகு காது சிவந்தது. அவரும் ரோடென்காரர்தான், அவருடைய அம்மாவும் வருஷா வருஷம் கூட்டில் கைவிட்டுத் துழாவுகிறவள்தான்.

"ராத்திரியில அவசரமா கூட்டுக்குள்ள கையை விட்டா எது அகப்படும்?" என்று கேட்டார் கமிஷனர். "ஓட முடியாத கொழுப்பெடுத்தது அகப்படும். ஒல்லிக் கோழி ஓடிடும். அடுப்பை நகர்த்தின கையோட நூலையும் மாத்தணும்னு உங்களுக்குத் தோணியிருக்கு யோப்ஸ்ட், அது வரைக்கும் சரி. ஆனா இருட்டுல உங்க பழைய கோழி பாதியில கையை விட்டு ஓடியிருக்கும், திரும்பப் பிடிக்க முடியல. இவ்வளவு பெரிய தப்பை இந்த ஊர்க்காரர் ஒருத்தர் பகல்ல பண்ண மாட்டார்."

ஹென்னிங் அதற்குள் கூட்டைத் திறந்துவிட்டான். உள்ளேயிருந்து ஒல்லிக் கோழி ஒன்று விறுக்கென்று வெளியே பாய்ந்து முற்றத்தை இரண்டு முறை சுற்றி வந்து எரு மேட்டில் ஏறி நின்றது. அதன் வலது காலில் நூல் அறுத்தெறிந்த அடையாளம் வளையமாக வெளுத்திருந்தது. அந்த வளையத்தில் ஒட்டிக்கொண்டிருந்த இரண்டு இழை பச்சை.

லெப்டினன்ட் வெகுநேரம் அந்தக் கோழியையே பார்த்தார். கையுறையைக் கழற்றினார். அடுப்பு நேற்றுவரை பச்சை, விடுதி பச்சை, சமையல்காரியைத் தொடத் தனக்கு அதிகாரம் இல்லை என்று ஒப்புக்கொள்ள அவருக்குச் சிரமமாக இருந்தது, ஆனால் ஒப்புக்கொண்டார். குழி வெட்டுவதை நிறுத்தச் சொல்லி ஒரு சிப்பாயை அனுப்பினார். மண்வெட்டிச் சத்தம் நின்றபோது ஹென்னிங் சுவரில் சாய்ந்துகொண்டான். அழுகை வந்தது, அதை அவன் மறைக்கவில்லை.

"இனி ஒரே கேள்விதான்," என்றார் கமிஷனர். "ஒரு பொம்பளையை அவசரமா சுட வைக்கணும்னு ஒருத்தர் ராத்திரியோட ராத்திரியா இரும்படுப்பைத் தூக்கிட்டுப் போய் வேற நாட்டுல வைக்கிறார். ஏன்?"

கொழுத்த கோழி யோப்ஸ்டின் கையில் கொக்கரித்தது.

அந்த நேரத்தில்தான் குதிரைச் சத்தம் கேட்டது.

வந்தவன் ரோடென் படையின் குதிரைவீரன், தலையிலிருந்து கால்வரை புழுதி. லெப்டினன்டிடம் தனியாகப் பேச வேண்டும் என்றான். முற்றத்து மூலையில் நின்று பேசினார்கள். லெப்டினன்டின் முகம் மாறுவதை ஹென்னிங் தூரத்திலிருந்தே பார்த்தான். நல்லதுக்கு மாறவில்லை.

"பிர்க் இளவரசர் இன்னைக்குக் காலையில ஆஸ்திரியாவை விட்டுட்டார்," என்றார் லெப்டினன்ட் திரும்பி வந்து. "எங்களோட கையெழுத்துப் போட்டுட்டார். சாயங்காலத்துக்குள்ள அவர் படையும் எங்க படையும் ஒண்ணா அணிவகுக்குது."

"திரும்பவுமா?" என்றான் ஹென்னிங். "மனுசன் சட்டை மாத்தற நேரத்துக்கு நாடு மாத்தறாரே."

"ஆக, கமிஷனர், உங்க கோழி ஆராய்ச்சிக்கு நன்றி. சிவப்பும் பச்சையும் இனி ஒரே படை. ஒரே ராணுவச் சட்டம். அடுப்பு எங்க நின்னா என்ன?" அவர் யோப்ஸ்டின் பக்கம் திரும்பினார். "கேப்டனை அடிச்சது நீயா?"

யோப்ஸ்டிடம் ஒரு மாற்றம் தெரிந்தது. நேற்றிலிருந்து அவர் முகத்தில் இருந்த குழைவு போய்விட்டது. கோழியை மெதுவாகக் கீழே இறக்கிவிட்டு, உட்காரச் சொல்லாமலே முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"நான்தான். ஆனா நீங்க அதைக் கேக்காம இருந்திருக்கலாம் லெப்டினன்ட். நேத்து வரைக்கும் பிர்க் உங்களுக்கு எதிரி. கேப்டன் டெஸ்ஸன் பிர்க் பாலங்களை எல்லாம் வரைஞ்சு வச்சிருந்தார். அவர் ஊர் போய்ச் சேரக் கூடாதுன்னு பிர்க் அரண்மனையிலேர்ந்து ஒருத்தர் என்கிட்ட வந்து சொன்னார். யாருன்னு சொன்னா நீங்க எழுந்து நின்னு சலாம் வைப்பீங்க. இன்னைக்குச் சாயங்காலம் அவர் உங்க தளபதியோட ஒரே மேஜையில உட்கார்ந்து சாப்பிடப் போறார். நான் அந்தப் பேரைச் சொல்லட்டுமா?"

லெப்டினன்ட் வேண்டாம் என்று கையை உயர்த்தினார்.

யோப்ஸ்டுக்குப் பிர்க் நீதிபதியிடம் போக ஏன் பயம் என்று ஹென்னிங்குக்கு இப்போது விளங்கியது. அரண்மனையின் ரகசியம் நீதிபதிக்குத் தெரியாது. தோண்டிக்கொண்டே போயிருப்பார். அதற்கு முன்னால் சமையல்காரி மண்ணுக்குள் போய்விட்டால் எல்லோருக்கும் நிம்மதி. இருபது வருஷமாக இவர் வீட்டில் கரண்டி பிடித்தவள். அவளைச் சாகக் கொடுத்துவிட்டு, துக்கத்துக்கும் முதல் ஆளாக வந்து நின்றிருப்பார்.

"பிறந்து அரை நாள்கூட ஆகாத கூட்டணி," என்றார் லெப்டினன்ட் வெகு தணிந்த குரலில். அவர் யாரையும் பார்க்கவில்லை. "இந்தப் பேச்சு வெளியில போனா உடைஞ்சிடும். சமையல்காரி கையில கோல் இருந்தது. அது போதும். மணி அடிக்கும்போது முடிச்சிடலாம்." ஒரு சிப்பாயிடம் குழியை முடிக்கச் சொல்லிவிட்டார்.

மண்வெட்டிச் சத்தம் மறுபடியும் ஆரம்பித்தது. ஹென்னிங்கின் கை தானாக இடுப்புக் கத்திக்குப் போனது. கமிஷனர் அந்தக் கையைப் பிடித்து, பூட்ஸின் நாடாவை அதில் வைத்தார்.

"இதை முடி போட்டு விடு ஹென்னிங். எனக்குக் குனிய முடியல."

ஹென்னிங் மண்டியிட்டான். தொந்திக்கு மேலிருந்து அவர் குரல் நிதானமாக வந்தது.

"லெப்டினன்ட், எதிரி வீட்டு ஆளைச் சுடறதுக்கு யாரையும் கேக்க வேண்டாம். கூட்டாளி வீட்டு ஆளை?"

லெப்டினன்ட் திரும்பிப் பார்த்தார்.

"நேத்து இந்தப் பொண்ணைப் பூட்டறப்ப அடுப்பு பச்சை மண்ணுல இருந்தது. அவ பிர்க் குடி. இதை நீங்களே இப்ப உங்க ஆட்கள் முன்னால ஒத்துக்கிட்டீங்க. காலையில அவ எதிரியோட குடி, இப்ப உங்க நண்பரோட குடி. கையெழுத்தோட மை காயறதுக்குள்ள நண்பரோட குடியை அவரைக் கேக்காம சுட்டீங்கன்னா, அந்தக் கூட்டணியை உடைச்சது யோப்ஸ்டா இருக்காது. நீங்களா இருப்பீங்க."

"இவனும் பிர்க் குடிதான்," என்றார் லெப்டினன்ட், யோப்ஸ்டைக் காட்டி.

"அப்படியா? காலையில நீங்க நூல் பிடிச்சு முடிச்சதும் இவர் தொப்பியைக் கழட்டிட்டு என்ன சொன்னார்? நான் வாசல்லதான் நின்னேன்."

ஹென்னிங்கும் நின்றிருந்தான். யோப்ஸ்ட் ரோடென் கோமகனுக்கு விசுவாசப் பிரமாணம் செய்தார். யாரும் கேட்காமல், தானாக, சிப்பாய்கள் எல்லோர் முன்பும் வலது கையைத் தூக்கிக்கொண்டு. நான் ரோடென் குடி, ரோடென் சட்டத்துக்குக் கட்டுப்பட்டவன் என்று மூன்று முறை சொன்னார். சந்தேகம் வரக் கூடாது என்று கொஞ்சம் அதிகமாகவே செய்துவிட்டார்.

"அடுப்போட சேர்ந்து இவரும் எல்லை தாண்டிட்டார்," என்றார் கமிஷனர். "அந்தப் பொண்ணு பூட்டுக்குள்ள இருந்தா, அவளால தாண்ட முடியல. இவர் உங்க ஆள். உங்க ஆளை என்ன பண்ணணும்னு உங்களுக்கு யாரும் சொல்ல வேண்டாம்."

யோப்ஸ்ட் முக்காலியிலிருந்து பாதி எழுந்தார். "அப்ப நான் அந்தப் பேரைச் சொல்லிடுவேன்."

அதைச் சொன்ன கணத்திலேயே அவருக்கும் புரிந்திருக்க வேண்டும். லெப்டினன்ட் அவரைப் பார்த்த பார்வையில் கோபம் இல்லை; ஒரு வேலையை எவ்வளவு சீக்கிரம் முடிக்க வேண்டும் என்ற யோசனைதான் இருந்தது. ராணுவ நீதிமன்றம் அதிகம் கேள்வி கேட்காது. பேர் கேட்காது. ராத்திரி எந்த வேகத்துக்காக யோப்ஸ்ட் அடுப்பைச் சுமந்தாரோ, அந்த வேகம் இப்போது அவர் பக்கம் திரும்பி நின்றது.

"வாயைக் கட்டுங்க," என்றார் லெப்டினன்ட் சிப்பாய்களிடம்.

ஹென்னிங்குக்கு அந்த மனிதரைப் பார்க்கச் சகிக்கவில்லை. ஆனாலும் இரக்கம் ஒன்றும் வரவில்லை என்பதை அவன் பிற்பாடு யாரிடமும் மறைத்ததில்லை.

வெயில் சாய்ந்தபோது ஹென்னிங் ஊர்ச் சிறைக்கு வந்தான். கதவில் இரண்டு பூட்டு, ராஜாவுக்கு ஒன்று. சிவப்புப் பூட்டை லெப்டினன்ட் திறந்துவிட்டுப் போய்விட்டார். பச்சைப் பூட்டின் சாவி பிர்க் நீதிபதியிடம் இருக்கிறது, அவர் வரும்வரை ஒட்டீலியா உள்ளேதான் இருக்க வேண்டும். கமிஷனர் எதிர்த் திட்டில் உட்கார்ந்திருந்தார். பிரஷ்யப் படை ஃபிராங்க்ஃபர்ட் பக்கம் நகர்கிறது என்றும் அந்தக் குதிரைவீரன் சொல்லியிருந்தான். தனக்கு இனி என்ன நிறம் என்று தனக்கே தெரியவில்லை என்று வரும் வழியில் ஒரு முறை சொன்னார், அதற்குப் பிறகு பேசவில்லை.

ஹென்னிங் கம்பி வழியாக ரொட்டியும் பன்றி வற்றலும் கொடுத்தான். நடந்ததையெல்லாம் சொன்னான். ஒட்டீலியா ரொட்டியைக் கையிலேயே வைத்துக்கொண்டு கேட்டாள். மாலை மணி அடித்தது. கல்லறைத் தோட்டத்துப் பக்கம் ஒரே சமயத்தில் பல துப்பாக்கிகள் வெடித்தன. அவள் கையிலிருந்த ரொட்டி கீழே விழுந்தது.

கம்பியைப் பிடித்துக்கொண்டு கேட்டாள்: "நான் உயிரோட இருக்கறது அந்த இளவரசர் இவங்களோட கூட்டா இருக்கறதாலதானே?"

"ஆமா அக்கா."

"நீதிபதி எப்ப வரார்?"

"ரெண்டு மூணு நாளாகும்னாங்க."

"அதுக்குள்ள இளவரசர் மறுபடியும் மனசு மாறிட்டா?"

ஹென்னிங் தொப்பியை மாட்டிக்கொண்டான்.

அவன் எழுந்து கிடா விடுதிக்கு நடந்தான். அடுப்படி ஆளில்லாமல் கிடந்தது, அடுப்பு அணைந்து போயிருந்தது. கொழுத்த கோழி முற்றத்திலேயே, யோப்ஸ்ட் இறக்கிவிட்ட இடத்துக்குப் பக்கத்தில், ஓடத் தெரியாமல் உட்கார்ந்திருந்தது. அவன் அதைத் தூக்கிக்கொண்டு சிறைக்குத் திரும்பினான். கம்பிக்கு முன்னால் உட்கார்ந்து அதன் காலிலிருந்த சிவப்பு நூலை அறுத்தான். தொப்பியைக் கழற்றி, பச்சைக் குஞ்சத்திலிருந்து நீளமாக ஒரு இழையை உருவி அந்தக் காலில் கட்டினான்.

"எதுக்குடா இவ்வளவு கொழுத்ததை அந்த இளவரசருக்கு?" என்றாள் ஒட்டீலியா.

"நல்லா சாப்பிடட்டும் அக்கா," என்றான் ஹென்னிங். "சாப்பிட்டுட்டு அசையாம உட்காரட்டும்."

முடிச்சு நழுவக் கூடாது என்று இன்னொரு முறை இறுக்கினான்.